பேசாத படமும் பேசிய தாத்தாவும்

என் அக்கா மகள் மலாக்காவில் ஒரு கணக்காய்வு அலுவலகத்தில் வேலை பார்க்கிறாள். மாதம் இரண்டு முறை நியாலாஸுக்கு வருவாள். பையை வைத்த ஐந்தாவது நிமிடம் கூடத்தில் கொரியத் தொடர் ஓட ஆரம்பித்துவிடும். அக்காவுக்குக் கீழே ஓடும் எழுத்தை அந்த வேகத்தில் வாசிக்க வராது. ஆனாலும் கொரிய மாமியார் மருமகளை முறைத்தால் போதும், "பாரு, இப்ப வீட்டை விட்டுப் போகச் சொல்லப் போறா" என்பார். அப்படியே நடக்கும்.

போன மாதம் அவள் என்னிடம் கேட்டாள்: "மாமா, பேச்சு இல்லாத காலத்துல கொரியாக்காரங்க என்ன படம் எடுத்திருப்பாங்க? அப்பவும் பணக்காரப் பையன், ஏழைப் பொண்ணுதானா?"

வாரா வாரம் பத்திரிகையில் எழுதுகிற மாமா "தெரியாது" என்று சொல்லலாமா? "அடுத்த வாரம் சொல்றேன்" என்றேன். தேடப் போனவன் கொரியாவில் இறங்கி, கடைசியில் நாகர்கோவில் பக்கம் கரையேறினேன். வழியில் நம் தோட்டத்து மைதானத்தையும் ஒரு சுற்று சுற்றினேன்.

கொரியா 1910 முதல் 1945 வரை ஜப்பானியர் ஆட்சியில் இருந்தது. அந்தக் காலத்தில், 1926 அக்டோபர் 1ஆம் தேதி, சோல் நகரின் தான்சோங்சா அரங்கில் 'அரிராங்' என்ற ஊமைப்படம் வெளியானது. கதை, இயக்கம், நாயகன் எல்லாம் நா உன் க்யூ என்ற இளைஞர். அப்போது அவருக்கு 24 வயதுகூட நிறையவில்லை. நாயகன் ராஜகுமாரன் இல்லை. 1919இல் நடந்த விடுதலைப் போராட்டத்தில் பிடிபட்டு, போலீசாரிடம் பட்ட அடியில் புத்தி கலங்கி ஊர் திரும்பிய ஒரு மாணவன். ஊரில் நிலச்சுவான்தாரின் ஆள் ஒருவன் இவன் தங்கையிடம் முறைகேடாக நடக்க வருகிறான். பித்தம் ஏறிய நிலையில் இவன் அரிவாளால் அவனைக் கொன்றுவிடுகிறான். ரத்தத்தைப் பார்த்ததும் புத்தி தெளிகிறது. தெளிந்த மனிதனைக் கையைக் கட்டி மலைமேட்டு வழியாக இழுத்துப் போகிறார்கள். ஊர் ஜனம் பின்னால் பாடிக்கொண்டே நடக்கிறது.

அந்த 'அரிராங்' பாட்டு இன்றும் கொரியர்களுக்கு உயிர். படம்தான் இல்லை. ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. ஜப்பானின் ஒசாக்காவில் ஒரு சேகரிப்பாளர் தன்னிடம் ஒன்று இருப்பதாகப் பல வருடம் சொல்லிக்கொண்டிருந்தார். 2005இல் அவர் இறந்தபின் தேடிப் பார்த்தார்கள், கிடைக்கவில்லை.

கிடைத்தது வேறொன்று. 1934இல் அன் ஜோங் ஹ்வா எடுத்த ஊமைப்படம், தலைப்பைத் தமிழில் சொன்னால் 'இளமையின் நாற்சந்தி'. 2007இல்தான் கைக்கு வந்தது. கொரியாவில் இன்று மிஞ்சியிருக்கும் மிகப் பழைய ஊமைப்படம் இதுதான். நாயகன் யார் தெரியுமா? சோல் ரயில் நிலையத்தில் மூட்டை தூக்கும் போர்ட்டர். கிராமத்தில் ஒரு வீட்டில் பெண் தருகிறோம் என்று சொல்லி ஏழு வருடம் வேலை வாங்கிவிட்டு, பெண்ணை வேறொருவனுக்குக் கொடுத்துவிடுகிறார்கள். மனசு விட்டுப் பட்டணம் வருகிறான். அவனைத் தேடி வரும் தங்கை மதுக்கடையில் பரிமாறும் வேலையில் மாட்டிக்கொள்கிறாள். அவன் விரும்பும் பெண்ணோ பெட்ரோல் நிலையத்தில் எண்ணெய் ஊற்றுகிறவள். மூன்று பேருக்கும் மாதச் சம்பளமோ தினக்கூலியோதான் ஆதாரம்.

"அப்ப நான் பார்க்கிற தொடரைவிட அது பரவாயில்ல" என்றாள் அக்கா மகள்.

கதையைவிட என்னைப் பிடித்து நிறுத்தியது இன்னொரு விஷயம். ஊமைப்படம் என்று சொல்கிறோமே, கொரியாவில் எந்தக் கொட்டகையிலும் அது ஊமையாக ஓடியதில்லை. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நிற்பார். 'பியோன்சா' என்று பெயர். கதையைச் சொல்வது, பாத்திரங்களுக்குக் குரல் மாற்றிப் பேசுவது, அழுவது, சிரிப்பது எல்லாம் அவர் வேலை. ஜப்பானில் இதே ஆளுக்கு 'பென்ஷி'. நடிகரைவிட இவர் பெயரைப் பார்த்து ஜனம் டிக்கெட் வாங்கிய காலம் உண்டு. கொட்டகையில் ஜப்பானியப் போலீஸ்காரர் ஒருவர் உட்கார்ந்து கண்காணிப்பார். அவர் இருந்தால் ஒரு மாதிரி, எழுந்து வெளியே போனால் வேறு மாதிரி பியோன்சா பேசுவார் என்று சொல்வார்கள். படம் ஒன்றுதான், கதை இரண்டு.

இதைப் படித்ததும் எனக்கு ஸ்டோர் தாத்தா ஞாபகம் வந்துவிட்டார்.

எனக்குப் பத்து வயதிருக்கும். 1979 வாக்கில். நியாலாஸ் பக்கம் அப்போது எங்கே பார்த்தாலும் பால்மரம். தோட்டத்து மாரியம்மன் கோயில் திருவிழாவின் கடைசி இரவு மைதானத்தில் வெள்ளைத் துணி கட்டிப் படம் போடுவார்கள். அந்த வருடம் ஒரு எம்ஜிஆர் படம். முன்வரிசையில் நாற்காலி போட்டுக் கிராணியும் அவர் மனைவியும். பக்கத்தில் மண்டோர்கள். பின்னால் பாயிலும் சாக்கிலும் நாங்கள். முதல் ரீல் முடிந்து இரண்டாவது ஏறியதும் சத்தம் போய்விட்டது. மெஷின்காரர் என்னென்னவோ தட்டிப் பார்த்தார். படம் ஓடுகிறது, பேச்சு இல்லை. விசில், கூச்சல். பாதிப் பேர் பாயைச் சுருட்ட ஆரம்பித்தார்கள்.

பால் ஸ்டோரில் வேலை செய்ததால் அவரை ஸ்டோர் தாத்தா என்போம். எழுந்து போய்த் துணிக்குப் பக்கத்தில் நின்றார். "ஓட்டு தம்பி, நான் சொல்றேன்" என்றார்.

சொன்னார் பாருங்கள்! எம்ஜிஆர் வாயசைத்தால் ஒரு குரல், அம்மாவுக்கு ஒரு குரல், கதாநாயகிக்குத் தலையைச் சாய்த்து ஒரு மெல்லிய குரல். அந்தப் படத்தை அவர் முன்பு பார்த்திருந்தாரா என்று எனக்கு இன்றுவரை சந்தேகம். ஏனென்றால் அவர் சொன்ன கதையில் வில்லன் ஜமீன்தார் இல்லை, பெரிய மண்டோர். "விடியகாலை பெரட்டுல நின்னவனை ரெண்டு நிமிசம் லேட்டுன்னு திருப்பி அனுப்பினியே, அவன் வீட்டுல அன்னிக்கு அடுப்பு எரிஞ்சுதா?" என்று எம்ஜிஆர் வில்லனைக் கேட்டார். மைதானமே கை தட்டியது. உண்மையான மண்டோர்கள் துணியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கொஞ்ச நேரத்தில் கண்ணாடி போட்ட ஒரு கணக்குப்பிள்ளை திரையில் வந்தார். தாத்தா ஒரு கணம் முன்வரிசையைப் பார்த்தார். "இவரு பக்கத்துத் தோட்டத்துக் கிராணி" என்றார். முதலில் சிரித்தது எங்கள் கிராணியின் மனைவிதான்.

இந்த வித்தையை எங்கே கற்றீர்கள் என்று பிறகு ஒருநாள் அப்பா கேட்டபோது தாத்தா சொன்னது: கப்பலேறுவதற்கு முன்பு, சின்னப் பையனாக, நாகப்பட்டினத்தில் ஒரு கூடாரத்தில் ஊமைப்படம் பார்த்திருக்கிறார். அங்கே ஒருவர் கையில் குச்சியோடு நின்று திரையைக் காட்டிக் காட்டிக் கதை சொன்னாராம். எழுத்து அட்டை வரும்போதெல்லாம் உரக்கப் படித்தாராம். "எழுத்துத் தெரிஞ்சவன் அங்க யாரு இருந்தா?" என்றார்.

ஆக நம் ஊரிலும் பியோன்சா இருந்திருக்கிறார். அவருக்குக் கொரியர்களைப் போல ஒரு தனிப்பெயரை நாம் வைத்துக் கொண்டாடவில்லை, அவ்வளவுதான்.

சரி, அந்தக் குச்சிக்காரர் நம் ஜனத்துக்குக் காட்டிய படங்களில் நம் ஜனம் இருந்ததா?

சினிமா தொடங்கியதே உழைக்கிற ஜனத்தோடுதான். 1895 டிசம்பர் 28ஆம் தேதி பாரிஸில் லூமியேர் சகோதரர்கள் காசு வாங்கிக்கொண்டு காட்டிய முதல் காட்சியில், முதலில் ஓடியது தொழிற்சாலை வாசலிலிருந்து வேலையாட்கள் வெளியே வரும் படம். ஒரு நிமிடத்துக்கும் குறைவு. பெண்கள் பாவாடை பறக்க நடக்கிறார்கள், ஒருவர் சைக்கிளில் போகிறார், ஒரு நாய் குறுக்கே ஓடுகிறது. கதை கிடையாது. வேலை விட்டு வீட்டுக்குப் போகிற மனிதர்கள்.

பத்து வருடம் கழித்து, 1905இல், திருச்சியில் ரயில்வே அலுவலகத்தில் வரைவாளராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், உடம்பு சரியில்லாமல் ஊர் திரும்பவிருந்த டுபான் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படக்கருவியையும் படங்களையும் வாங்கினார். அதை எடுத்துக்கொண்டு ஊர் ஊராகக் கூடாரம் அடித்தார். அவர் காட்டியதில் முக்கியமானது இயேசுநாதரின் வாழ்க்கை. 1917 வாக்கில் மோட்டார் உதிரிப் பாகங்கள் விற்றுக்கொண்டிருந்த நடராஜ முதலியார் சென்னையில் ஸ்டூடியோ அமைத்து 'கீசக வதம்' எடுத்தார். தென்னிந்தியாவின் முதல் கதைப்படம். அதன்பின் அவர் எடுத்ததும் புராணமே. குறை சொல்லவில்லை. பல மொழி ஜனத்துக்குப் பேச்சில்லாமல் கதை புரிய வேண்டுமென்றால் எல்லோருக்கும் ஏற்கெனவே தெரிந்த கதையைத்தான் எடுக்க வேண்டும். திரௌபதியை யாருக்கும் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. மாடு மேய்க்கிற முனியம்மாவை அறிமுகப்படுத்த வேண்டும்.

முனியம்மாவை யாருமே எடுக்கவில்லையா என்றால், எடுத்தார்கள். மராத்தியில் பாபுராவ் பெயிண்டர் 1925இல் 'சாவ்காரி பாஷ்' எடுத்தார். கடன்காரனிடம் நிலத்தை இழந்து நகரத்து ஆலைக்குக் கூலியாகப் போகும் விவசாயியின் கதை. பின்னாளில் பெரிய இயக்குநரான சாந்தாராம்தான் அந்த விவசாயி. பாழடைந்த குடிசை, பக்கத்தில் ஊளையிடும் ஒரு நாய். அந்தக் காட்சியை மறக்கவே முடியாது என்று பார்த்தவர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். நமக்கு அவர்கள் எழுதியது மட்டும்தான் உண்டு. அந்தப் படமும் 'அரிராங்' போன வழியிலேயே போய்விட்டது.

தமிழில் 1930ஐ ஒட்டி ராஜா சாண்டோ வந்தார். புதுக்கோட்டைக்காரர், உடற்பயிற்சி வீரர், பம்பாயில் பெரிய ஊமைப்பட நட்சத்திரம். சென்னைக்குத் திரும்பி 'பேயும் பெண்ணும்', 'அநாதைப் பெண்' என்று சமூகப் படங்கள் எடுத்தார். தலைப்பைப் பார்த்தாலே வீட்டு வாசலுக்கு வந்துவிட்டது தெரிகிறது. 'நந்தனார்' படமும் அப்போது வந்தது. பண்ணையில் வேலை செய்கிற ஒருவர் திரையில் நாயகனாக ஏற வேண்டுமானால் நாயன்மாராக இருந்தாக வேண்டும் போலிருக்கிறது!

இவற்றில் ஒன்றைக்கூட இன்று பார்க்க முடியாது. சென்னையில் எடுத்த ஊமைப்படங்கள் நூற்றுக்கும் மேல். அத்தனையும் போய்விட்டன. தென்னகத்து ஊமைப்படம் என்று இன்று கையில் இருப்பது 1933இல் வந்த 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றுதான். அது பிழைத்த கதையே வேடிக்கை. எந்த நாவலை வைத்துப் படம் எடுத்தார்களோ, அதன் உரிமை வைத்திருந்த பதிப்பகம் வழக்குப் போட்டது. படம் பறிமுதலாகி அந்தப் புத்தகக் கடையின் கிடங்கில் முடங்கியது. வெற்றிகரமாக ஓடியிருந்தால் தேய்ந்து குப்பைக்குப் போயிருக்கும். முடங்கிக் கிடந்ததால் 1974இல் புனே திரைப்பட ஆவணக் காப்பகத்துக்காரர்கள் அதை மீட்டெடுத்தார்கள். அதுவும் ராஜா கதை.

இப்போது நான் கரையேறிய இடத்துக்கு வருகிறேன்.

கன்னியாகுமரிப் பக்கம் அகஸ்தீஸ்வரம். இன்று தமிழ்நாடு, அன்று திருவிதாங்கூர் சமஸ்தானம். அங்கே பிறந்தவர் ஜே.சி. டேனியல், நாடார் குடும்பம். களரி, வாள்வீச்சு என்று பைத்தியமாக இருந்தவருக்குச் சினிமாப் பைத்தியமும் பிடித்தது. பரம்பரை நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் ஒரு ஸ்டூடியோ அமைத்து 'விகதகுமாரன்' என்ற ஊமைப்படத்தை எடுத்தார். காணாமற்போன பிள்ளை என்று அர்த்தம். திரையிட்ட வருடம் 1928 என்று சிலரும் 1930 என்று சிலரும் சொல்கிறார்கள். மலையாள சினிமாவின் முதல் படம் இதுதான்.

கதையைக் கேளுங்கள். திருவிதாங்கூரில் ஒரு பணக்கார வீட்டுப் பையனை ஒருவன் கடத்திக்கொண்டு இலங்கைக்குப் போய்விடுகிறான். பையன் அங்கே தோட்டத்தில் கூலியாக வளர்கிறான். வெள்ளைக்காரத் துரைக்கு அவனைப் பிடித்துப்போய், படிப்படியாக மேலே கொண்டுவருகிறார். கடைசியில் உடம்பிலுள்ள தழும்பை வைத்துக் குடும்பத்தோடு சேர்கிறான். பிற்காலத்தில் எத்தனை எம்ஜிஆர் படத்தில் பார்த்துவிட்டோம் அந்தத் தழும்பை!

இதைப் படித்தபோது நான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். தோட்டக் கூலி ஒருவனைக் கதையின் நடுவில் நிறுத்தி, அந்த நாளில் நம் ஜாடையுள்ள ஒருவர் படம் எடுத்திருக்கிறார். நம் தாத்தா பாட்டிகள் கப்பலேறிக்கொண்டிருந்த அதே வருடங்கள். கங்காணி ஆள் பிடித்து, நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேற்றி, பினாங்கில் இறக்கி, தோட்டந்தோட்டமாகப் பிரித்து அனுப்பினார்கள். 1926இல் கட்டிய ரஜுலா கப்பல் இந்த வழியில்தான் ஓடியது. கூலி ஆட்கள் மலாயாவுக்கு வருவதை இந்திய அரசு 1938இல் நிறுத்தியது. ஊமைப்படம் பிறந்து வளர்ந்து செத்ததெல்லாம் இந்த இடைவெளிக்குள்தான். ஆனாலும், உண்மையாகவே கூலியாகப் பிறந்து கூலியாகவே வாழ்ந்தவன் அந்தக் கதையில் நாயகன் ஆகவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். பெரிய வீட்டுப் பிள்ளை தவறிப்போய்க் கூலியானதால்தான் கதை. கூலியின் பிள்ளை காணாமல் போயிருந்தால் யார் படம் எடுத்திருப்பார்கள்?

கதை அப்படி இருக்க, நடிக்க வந்தவர் ஒருவர் அதைத் தாண்டிவிட்டார்.

அந்தக் காலத்தில் படத்தில் நடிக்கக் குடும்பப் பெண்கள் வரமாட்டார்கள். ஆங்கிலோ இந்தியப் பெண்களைத்தான் பெரும்பாலும் தேடிப் போவார்கள். டேனியலும் பம்பாயிலிருந்து அப்படி ஒரு நடிகையை ஏற்பாடு செய்து பார்த்தார், சரிப்பட்டு வரவில்லை. பிறகு கிடைத்தவர் பி.கே. ரோஸி. புலையர் சமூகத்துப் பெண். புல்லறுத்துக் கூலி வேலை செய்தவர், காக்காரிசி நாடகத்தில் நடித்துப் பழகியவர். மதியச் சாப்பாட்டைக் கையோடு கொண்டுவந்து நடித்துவிட்டு, சாயங்காலம் கூலி வேலை முடிந்து போவதுபோலத் திரும்பிப் போவாராம். படத்தில் அவருக்குக் கொடுத்தது சரோஜினி என்ற நாயர் வீட்டுப் பெண் வேடம்.

திருவனந்தபுரம் கேபிடல் அரங்கில் முதல் காட்சி. தான் நடித்த படத்தின் அந்தக் காட்சியைப் பார்க்க ரோஸியை உள்ளே விடவில்லை. உள்ளே போனவர்களுக்கோ, தாழ்ந்த ஜாதிப் பெண் ஒருத்தி நாயர் பெண்ணாக நிற்பதைப் பொறுக்க முடியவில்லை. நாயகன் அவள் தலையிலிருந்த பூவை முத்தமிடும் காட்சி வந்ததும் கல் பறந்தது. திரை கிழிந்தது. பிறகு ரோஸியின் குடிசைக்குத் தீ வைத்தார்கள். ஒரு லாரியில் ஏறித் தப்பி நாகர்கோவில் பக்கம் வந்துவிட்டார். அந்த லாரி ஓட்டுநரையே கல்யாணம் செய்துகொண்டு, வேறு பெயரில், தான் யாரென்று சொல்லாமல் வாழ்ந்து முடித்தார். தமிழ்நாட்டில் எங்கோ ஒரு தெருவில் தண்ணீர்க் குடத்தோடு வரிசையில் நின்ற ஒரு அம்மா, மலையாள சினிமாவின் முதல் நாயகி என்று பக்கத்து வீட்டுக்காரர்களுக்குத் தெரிந்திருக்காது.

புராணப் படத்தில் அசுரனை வதம் செய்தபோது கல்லெறியாத ஜனம், ஒரு புல்லறுக்கிற பெண் நல்ல சேலை கட்டி நின்றதும் எறிந்தது. அன்றைய திரையில் ஏன் சாதாரண மனிதர்களைக் காணோம் என்று கேட்கிறவர்களுக்கு, கதாசிரியர்களின் கற்பனைக் குறைவு மட்டும் காரணமென்று என்னால் சொல்ல முடியவில்லை. கொட்டகைக்குள் உட்கார்ந்திருந்தவர்களும் சேர்ந்துதான் அவர்களை வெளியே நிறுத்தினார்கள். கொரியக் கொட்டகையில் போலீஸ்காரர் ஒருவர்தான் கண்காணித்தார். இங்கே முன்வரிசை முழுக்க அந்த வேலையைச் செய்தது.

டேனியலின் கதையும் சுகமில்லை. கடன் ஏறி ஸ்டூடியோவை இழந்தார். பல் மருத்துவம் பார்த்துப் பிழைத்தார். 1975இல் அகஸ்தீஸ்வரத்தில் இறந்தபோது கையில் ஒன்றுமில்லை. பின்னால் 1992இல் கேரள அரசு அவர் பெயரில் திரைப்பட விருது வைத்தது. 2013இல் 'செல்லுலாய்டு' என்ற மலையாளப் படம் அவர் கதையையும் ரோஸி கதையையும் சொன்னது. நல்ல படம், தேடிப் பாருங்கள். 2023 பிப்ரவரி 10ஆம் தேதி கூகிள் தன் முகப்பில் ரோஸியை வரைந்து வைத்தது. அவருடைய முகம் இதுதான் என்று நிச்சயமாகச் சொல்ல ஒரு தெளிவான படம்கூட இல்லாத நிலையில், கற்பனையாகத்தான் வரைய முடிந்தது.

'விகதகுமாரன்' படச்சுருள் என்ன ஆனது? வீட்டில் கிடந்ததை டேனியலின் மகன்களில் ஒருவர் சின்ன வயதில், விளையாட்டாக, தீ வைத்து எரித்துவிட்டார். அந்தக் காலத்துப் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. பற்றினால் குப்பென்று எரியும், பார்க்க அழகாக இருக்கும். குழந்தைக்கு என்ன தெரியும்? பெரியவரான பிறகு அவரே வருத்தத்தோடு இதைச் சொல்லியிருக்கிறார். ரோஸியின் குடிசைக்கு வைத்த தீயும் இந்தத் தீயும் ஒன்றில்லைதான். ஆனால் இரண்டும் சேர்ந்து அந்த முகத்தை ஒன்றுமில்லாமல் ஆக்கிவிட்டன.

இதையெல்லாம் அக்கா வீட்டுக் கூடத்தில் சொல்லி முடித்தபோது தொடர் பாதியில் நின்றிருந்தது. அக்கா மகள் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "நம்ம தோட்டத்தை யாராவது படம் எடுத்திருக்காங்களா மாமா?" என்றாள்.

எடுத்திருக்கிறார்கள், பிற்பாடு. தீபக் குமாரன் மேனன் 2005இல் 'செம்மண் சாலை' எடுத்தார், அறுபதுகளின் ரப்பர்த் தோட்டம். 2015இல் சஞ்சய் குமார் பெருமாளின் 'ஜகாட்' தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பங்களைக் காட்டியது, மறு வருடம் மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த படமாகவும் தேர்வானது. இவற்றைச் சொன்னேன். அவள் தலையை ஆட்டினாள். "அது சரி, நம்ம தோட்டத்தை? நியாலாஸை?"

அக்காதான் எழுந்து போய் அலமாரியின் அடித்தட்டிலிருந்து ஒரு வீடியோ கேசட்டை எடுத்து வந்தார். 1988இல் தோட்டத்து மண்டபத்தில் நடந்த அவர் கல்யாணம். கேசட்டின் சின்னக் கண்ணாடி வழியாகப் பார்த்தால் உள்ளே வெள்ளையாகப் பூஞ்சை. அதைப் போட்டுப் பார்க்கும் கருவி வீட்டில் இல்லாமல் போய் இருபது வருடம். மலாக்காவில் ஒரு கடையில் சுத்தம் செய்து கணினிக்கு மாற்றித் தருகிறார்கள் என்று அக்கா மகள் எடுத்துப் போனாள். மூன்று மணி நேரக் கேசட்டில் மீண்டது 43 நிமிடம்.

போன ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் உட்கார்ந்து பார்த்தோம். வீடியோக்காரருக்கு மாப்பிள்ளை பெண்ணை விட்டால் வேறு கண்ணே இல்லை. ஆனால் கேமரா திரும்பும்போது ஓரத்தில் தெரிந்துவிடுகிறார்கள். பின்னால் லயத்து வீடுகள், தகரக் கூரை, வாசலில் கவிழ்த்து வைத்த பால்வாளி. அந்த லயம் இன்று இல்லை, பால்மரமும் இல்லை, எல்லாம் செம்பனை. பந்தியில் பரிமாறுகிற பெண்கள் கேமரா வந்ததும் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு திரும்பிக்கொள்கிறார்கள். எங்கள் பாட்டி ஒரே ஒரு இடத்தில், முதுகு மட்டும். "அம்மாயி, திரும்பு" என்று அக்கா திரையைப் பார்த்துச் சொன்னார்.

முப்பத்தொன்றாவது நிமிடத்தில் பந்தல் காலைப் பிடித்துக்கொண்டு ஸ்டோர் தாத்தா நிற்கிறார். வெள்ளைச் சட்டை, தோளில் துண்டு. கையை ஆட்டி என்னவோ பலமாகச் சொல்கிறார். அந்தக் காலத்து வழக்கப்படி வீடியோக்காரர் ஒலியை எடுத்துவிட்டுச் சினிமாப் பாட்டை ஒட்டியிருக்கிறார். வாய் அசைகிறது, பேச்சு இல்லை. மொத்தம் 11 விநாடி.

"பந்தி இன்னும் முடியல, யாரும் போயிடாதீங்கன்னு சொல்றாரு" என்றார் அக்கா.

"இல்லக்கா, மாப்பிள்ளை வீட்டுக்காரங்களைக் கிண்டல் பண்றாரு. கையைப் பாரு" என்றேன்.

"எங்க வீட்டு ஆளுங்களையா?" என்று அத்தான் எழுந்து உட்கார்ந்தார்.

அக்கா மகள் பின்னால் ஓட்டி மறுபடியும் போட்டாள். பாட்டின் சத்தத்தைக் குறைத்தாள். அக்கா தொண்டையைக் கனைத்துக்கொண்டு, தாத்தாவின் குரலிலேயே சொல்ல ஆரம்பித்தார்.